நடைவழியில் வாசித்த டிரம்

மெட்ராஸில் ஒரு நடைவழி. ஒரு பக்கம் சுண்ணாம்பு உதிர்ந்த சுவர், இன்னொரு பக்கம் கம்பி போட்ட ஜன்னல். ஜன்னலுக்கு வெளியே ஒரு குழாய் சொட்டிக்கொண்டே இருக்கிறது. குழாய் சும்மா சொட்டுவதைப் பார்த்தால் திண்டுக்கல்காரனுக்குக் கை துடிக்கும், எழுந்து போய் இறுக்கி மூடாமல் இருக்கமாட்டான். ஆனால் எனக்கு அசையக்கூடாது என்று உத்தரவு.

மர ஸ்டூலில் உட்கார்ந்திருக்கிறேன். முன்னால் ஸ்டாண்டில் என் சைடு டிரம். அதற்கும் முன்னால் ஒரு கதவு. கதவு மூடிக்கொள்ளாமல் இருக்க ஒரு செங்கல்லை வைத்திருக்கிறார்கள். அந்தச் செங்கல் அகலத்துக்குத்தான் உள்ளே இருப்பது எனக்குத் தெரியும். தெரிவது ஜப்பாரின் ஒரு கால் ஷூ, அதற்குப் பின்னால் கொஞ்சம் சுவர். மற்றபடி என் குழுவினர் மூன்று பேரும் கதவுக்கு அந்தப் பக்கம்.

கதவுக்கு மேலே ஒரு சிவப்பு பல்பு. அது எரிந்தால் தும்மக்கூடக் கூடாது.

எங்கள் குழுவின் முதல் இசைத்தட்டில் என் பங்கை நான் இப்படித்தான் வாசித்தேன்.

போன வாரம் எங்கள் ஊர்த் தண்ணீர்ப் பஞ்சத்தைப் பற்றி எழுதியிருந்தேன் அல்லவா? அதைப் படித்துவிட்டுக் கரூரிலிருந்து ஒரு வாசகி, 'உங்கள் வாழ்க்கையில் நல்லதாக ஒன்றுமே நடக்கவில்லையா?' என்று கேட்டிருக்கிறார். நடந்தது, அம்மா. இசைத்தட்டே போட்டோம். படித்துவிட்டு, இது நல்லதில் சேர்த்தியா இல்லையா என்று நீங்களே சொல்லுங்கள்.

தோல் வாசனை

அப்போது எங்களுக்கு இருபது வயது தாண்டியிருந்தது. நாலு பேரும் வெவ்வேறு இடத்திலிருந்து வந்து சேர்ந்தவர்கள்.

ஜப்பார் பேகம்பூர் பையன். அவன் அத்தாவுக்குத் தோல் வியாபாரம். லாரி நிறுத்துவதற்காகப் போட்ட தகரக் கொட்டகை ஒன்று அவர்களுக்கு இருந்தது. லாரி இருக்கிற நேரத்தில் அது லாரி செட். லாரி வெளியூர் போயிருந்தால் அது எங்கள் சங்கீத வித்வத் சபை. ஜப்பாரிடம் ஒரு கிடார் இருந்தது. ஊரில் வேறு யாரிடமும் இல்லை, அதனால் அவன்தான் தலைவர்.

தேவராஜ் பாடுவான். பார்க்கவும் லட்சணமாக இருப்பான், அது அவனுக்கும் தெரியும். சின்னாளப்பட்டியில் சேலைக் கடை வைத்திருந்த குடும்பம். சுந்தரம் தேயிலைப் பெட்டி வாசிப்பான். அச்சுப் பிழை இல்லை, தேயிலைப் பெட்டிதான். மலையிலிருந்து தேயிலை வரும் மரப்பெட்டியைக் கவிழ்த்துப்போட்டு, அதில் ஒரு கம்பை நிறுத்தி, கம்பின் உச்சிக்கும் பெட்டிக்கும் ஒரு கம்பியைக் கட்டி, அதைத் தும் தும் என்று இழுப்பான். கம்பை நிமிர்த்தினால் சத்தம் ஏறும், சாய்த்தால் இறங்கும். சினிமாக்காரர்களிடம் இருக்கும் பெரிய பேஸ் வாத்தியத்துக்கு அது ஏழை வீட்டுத் தம்பி.

நான் அருளப்பன். மேட்டுப்பட்டியில் வீடு. கோயில் திருவிழா பேண்டில் சைடு டிரம் அடித்துக்கொண்டிருந்தேன். வீட்டில் நானும் அம்மாவும்தான். குஜிலியம்பாறைப் பக்கம் எங்களுக்குக் கொஞ்சம் மானாவாரி நிலம். மழை பெய்தால் சோளம், பெய்யாவிட்டால் வானத்தைப் பார்க்கலாம். என் படிப்புக்காக அம்மா டவுனுக்கு வந்தபோது, காட்டை விட்டு வரமாட்டேன் என்று அப்பா அங்கேயே இருந்துவிட்டார். அப்பாவைப் பார்க்கப் போனால் மூன்று பேரும் சாப்பிடுவோம், யாரும் பேசமாட்டோம். எங்கள் குடும்பத்து வழக்கம் அது.

பேச வராதவனுக்கு டிரம் தோது. நாலு பேர் நடுவில் உட்கார்ந்திருக்கலாம், வாயைத் திறக்க வேண்டியதில்லை.

கொட்டகைக்குப் பக்கத்திலேயே உப்புப் போட்ட தோல் அடுக்கி வைத்திருப்பார்கள். முதல் நாள் பாட வந்த தேவராஜ் பாதியில் வெளியே ஓடிப்போய் வாந்தி எடுத்துவிட்டு வந்தான். ஒரு மாதத்தில் எங்கள் மூக்குக்குப் பழகிவிட்டது. ஆனால் சட்டைக்கு அது தெரியவில்லை. பஸ்ஸில் நாங்கள் ஏறினால் இரண்டு வரிசை தானாகக் காலியாகும். 'கலைஞர்களுக்கு மரியாதை' என்று சுந்தரம் சொல்வான்.

குழுவுக்கு ஃபோர் கீஸ் என்று பெயர் வைத்தோம். நாலு சாவி. பூட்டு ஊர்க்காரர்கள் வேறு என்ன பெயர் வைப்பார்கள்?

பூட்டுக்காரர் போட்ட ஸ்பிரிங்

எங்கள் ஊர் ஜங்ஷனில் ஆங்கிலோ இந்தியர் ஒருவர் ரயில் கார்டாக இருந்தார். ஆஸ்திரேலியாவுக்குக் குடிபெயர்ந்தபோது வீட்டுச் சாமான்களை விற்றார். கிடார் அப்படி வந்ததுதான். அதோடு ஒரு சாவி கொடுக்கிற கிராமபோனும், ஒரு பெட்டி நிறைய இங்கிலீஷ் ஆட்டப் பாட்டு இசைத்தட்டுகளும் ஜப்பார் கைக்கு வந்தன.

கொண்டுவந்த அன்றைக்கே கிராமபோனுக்கு முறுக்க முறுக்கச் சாவி கொடுத்து ஸ்பிரிங்கை அறுத்துவிட்டோம். நாலு பேரும் நான் நீ என்று முறுக்கியதில் யார் கையில் அறுந்தது என்று இன்றுவரை தீர்ப்பாகவில்லை.

திண்டுக்கல்லில் ஸ்பிரிங் அறுந்தால் எங்கே போவார்கள்? பூட்டுப் பட்டறைக்குத்தான். அந்தப் பூட்டுக்காரர் நல்ல மனிதர். அறுந்த துண்டைத் தூர எறிந்துவிட்டு, மிச்சத்தைச் சூடு காட்டி வளைத்து, கொக்கி போட்டு மாட்டிக் கொடுத்தார். 'இனிமே அறுந்துபோகாதப்பு, கொஞ்சம் குட்டையாப் போச்சு, அம்புட்டுதான்' என்றார். கிராமபோன் பாடியது. எங்களுக்கு அது போதும்.

குட்டையான ஸ்பிரிங்கில் பாட்டின் கடைசிவரை முறுக்கு தாங்கவில்லை. முக்கால் பாட்டுவரை ஓட்டமாக ஓடும். அதற்குப் பிறகு வேகம் குறையும். கிடார் கம்மும், பாடுகிறவனின் குரல் தொண்டைக்குள் இறங்கும், டிரம் தூக்கக் கலக்கத்தில் நடப்பது மாதிரி நடக்கும். கடைசியில் எல்லாம் சேர்ந்து படுத்துவிடும்.

நாங்கள் என்ன நினைத்தோம் தெரியுமா? பாட்டே அப்படித்தான் என்று நினைத்தோம்.

சிரிக்காதீர்கள். அந்த மாதிரிப் பாட்டை நாங்கள் வேறு எங்கும் கேட்டதில்லை. டீக்கடை ரேடியோவில் நம் பாட்டுத்தான் வரும். அது கர்நாடக சங்கீதம், இது இந்துஸ்தானி, இது இங்கிலீஷ்காரன் பாட்டு, அவன் பாட்டு கடைசியில் இப்படிச் சாய்ந்துதான் முடியும் என்று எடுத்துக்கொண்டோம். பெட்டியில் இருந்த ஒவ்வொரு தட்டும் அப்படியே சாய்ந்தது, எங்களுக்குச் சந்தேகமே வரவில்லை. எல்லாத் தட்டும் ஒரே கிராமபோனில்தான் சுற்றுகிறது என்பது நாலு மூளைக்கும் எட்டவில்லை.

நாங்கள் சாய்ந்த கதை

அதைக் கற்றுக்கொள்வதற்கு நாங்கள் பட்ட பாடு கொஞ்சமல்ல. ஜப்பார் வலது கையில் வாசித்துக்கொண்டே, இடது கையால் கிடாரின் முறுக்காணியைத் தளர்த்துவான். கம்பி தொய்ந்து சத்தம் இறங்கும். சுந்தரம் கம்பைச் சாய்ப்பான். தேவராஜ் குரலை இறக்கிக்கொண்டே போவான். நான் ஓட்டத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்துக் கடைசி அடியைப் போடுவேன். நாங்கள் சொந்தமாகப் போட்ட பாட்டுகளையும் அப்படியே முடித்தோம். எங்களுக்குள் அதற்குச் 'சாய்வு' என்று பெயர்.

ஜனங்களுக்கு அது பிடித்திருந்தது. கல்யாண வீட்டில், கோயில் திருவிழாவில், பள்ளிக்கூட ஆண்டு விழாவில் எல்லாம் சாய்வு வந்ததும் கை தட்டுவார்கள். குஜிலியம்பாறையில் ஒரு கல்யாணத்தில் மட்டும் மைக் செட்காரர், மிஷின் போய்விட்டது என்று பதறிப் பந்தலைச் சுற்றி ஓடினார். மாப்பிள்ளையின் அப்பா அவரைப் பிடித்துத் திட்டினார். நாங்கள் நிம்மதியாக அடுத்த பாட்டுக்குப் போனோம்.

எனக்குச் சாய்வு ஏன் பிடிக்கும் என்று சொல்லிவிடுகிறேன். பாட்டு ஓட்டமாக ஓடும்போது அவரவர் பாட்டுக்கு வாசிக்கலாம். சாயும்போது முடியாது. எவ்வளவு குறைப்பது, எங்கே நிறுத்துவது என்பதற்குக் கணக்குக் கிடையாது. ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டேதான் இறங்க வேண்டும். அந்தச் செத்த நேரம் மூன்று பேரும் என்னைப் பார்ப்பார்கள், நான் மூன்று பேரையும் பார்ப்பேன். ஜப்பார் புருவத்தைத் தூக்குவான், நான் கடைசி அடியைப் போடுவேன். உடனே நாலு பேருக்கும் சிரிப்பு வந்துவிடும்.

என்னை யாரும் அவ்வளவு கவனமாகப் பார்த்ததில்லை. வீட்டிலும் இல்லை, பள்ளிக்கூடத்திலும் இல்லை. வாரம் முழுக்க அந்தப் பார்வைக்காகத்தான் காத்திருந்தேன். வெட்கமாக இருந்தாலும் உண்மை அதுதான்.

ஒரே ஒரு மைக்

இசைத்தட்டு யோசனை ஜப்பாருடையது. மெட்ராஸில் ஒருவர் சொந்தமாக ஒலிப்பதிவுக் கூடம் வைத்திருப்பதாகவும், வேண்டுகிறவர்களுக்குத் தட்டுப் போட்டுத் தருவதாகவும் எங்கிருந்தோ கேட்டுவந்தான். ஒரு பக்கத்துக்கு ஒரு பாட்டு. ஒன்று தேவராஜ் எழுதியது, குழாயடியில் குடத்தோடு காத்திருக்கும் பெண்ணைப் பற்றி. இன்னொன்று அந்த ரயில் கார்டின் பெட்டியில் இருந்த ஒரு இங்கிலீஷ் மெட்டுக்கு நாங்களே தமிழ் வார்த்தை போட்டது.

ரயிலில் போனோம். தேயிலைப் பெட்டியைப் பார்த்து டிக்கெட் பரிசோதகர், 'தேயிலையா?' என்று கேட்டார். 'வாத்தியங்க' என்றான் சுந்தரம். அவர் அதற்கு மேல் எங்களோடு பேசவில்லை.

ஒலிப்பதிவுக் கூடம் என்பது ஒரு மாடி வீட்டின் பின்னறை. சுவரெல்லாம் சாக்கும் ஜமுக்காளமும் தொங்கின. நடுவில் ஒரே ஒரு மைக். கூடத்துச் சொந்தக்காரரை எல்லோரும் சவுண்டு சார் என்றார்கள். எங்கள் சட்டை வாசனைக்கு முகத்தைச் சுளித்தார், ஆனால் ஒன்றும் சொல்லவில்லை.

மைக் ஒன்றுதான் என்றால், சத்தத்துக்குத் தகுந்த மாதிரி ஆளை நிறுத்துவார்கள். மெல்லிய சத்தம் கிட்டே, பெரிய சத்தம் தூரே. தேவராஜை மைக்குக்கு முன்னால் நிறுத்தினார். ஜப்பாரை இரண்டு அடி தள்ளி. சுந்தரத்தைச் சுவர் ஓரமாக. என்னை அறைக்கோடியில் உட்காரவைத்து அடிக்கச் சொன்னார். அடித்தேன். காதில் மாட்டியிருந்த கருவியைக் கழற்றிவிட்டுக் காதைத் தேய்த்தார்.

'இன்னும் பின்னாடி போப்பா' என்றார்.

பின்னால் இடம் இல்லை. சுவர்தான் இருந்தது. கதவைத் திறந்து நடைவழியில் ஸ்டூலைப் போட்டார். அடித்தேன். 'இன்னும் கொஞ்சம்' என்றார். இன்னும் தள்ளிப் போனேன். அங்கே உட்கார்ந்து அடித்தபோதுதான் அவருக்குச் சரியாக இருந்தது. ஸ்டூல் கால்களைச் சுற்றிச் சாக்பீஸால் கோடு போட்டார். 'இதவிட்டு நகரக்கூடாது. நகந்தா எல்லாம் மறுபடி முதல்லேர்ந்து பாக்கணும்.'

ஜப்பாருக்குச் சங்கடம். வெளியே வந்து பார்த்தான்.

'ஏலே அருளு, நாங்க தெரியிறோமா?'

'உன் ஷூ தெரியுது.'

'அது போதுமாலே?'

'காது இருக்குல்ல. பாத்துக்கலாம்' என்றேன்.

அவன் சிரித்துவிட்டு உள்ளே போனான். குழாயடிப் பாட்டைத்தான் முதலில் எடுத்துக்கொண்டோம்.

மூடிய கதவு

சிவப்பு பல்பு எரிந்தது. வாசித்தோம். உள்ளேயிருந்து வந்த சத்தம் குறைச்சல்தான், இருந்தாலும் பிடித்துக்கொண்டேன். சாய்வு வந்தது. கண்ணை மூடிக்கொண்டு ஜப்பாரின் கம்பி தொய்வதைக் காதாலேயே பின்தொடர்ந்தேன். நாலு பேரும் ஒன்றாகப் போய் உட்கார்ந்தோம். யாரையும் பார்க்காமல் சாய்ந்தது அதுதான் முதல் தடவை. எனக்குப் பெருமையாக இருந்தது.

பல்பு அணைந்தது. உடனே செங்கல்லை நகர்த்திக் கதவை மூடிவிட்டார்கள்.

உள்ளே சவுண்டு சார் பேசுவது கேட்டது, வார்த்தை புரியவில்லை. அப்புறம் அவர் சிரித்தார். பெரிய சிரிப்பு. அப்புறம் ஏதோ ஒரு இங்கிலீஷ் பாட்டு ஓடியது. அப்புறம் ரொம்ப நேரம் சத்தமில்லை. அப்புறம் மறுபடி சிரிப்பு, இந்தத் தடவை எங்கள் ஆட்களும் சேர்ந்து. நான் சாக்பீஸ் கோட்டுக்குள் உட்கார்ந்து குழாய் சொட்டுவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். என்ன ஜோக் என்று தெரியாமலே எனக்கும் கொஞ்சம் சிரிப்பு வந்தது.

உள்ளே நடந்ததைப் பிறகு சுந்தரம்தான் சொன்னான். சவுண்டு சார், 'என்னப்பா ஆச்சு உங்களுக்கு, கடைசில எல்லாரும் மயக்கம் போட்டு விழுந்துட்டீங்க?' என்று கேட்டிருக்கிறார். சாய்வைப் பற்றி ஜப்பார் மரியாதையாக விளக்கியிருக்கிறான். அவருக்கு ஒன்றும் புரியவில்லை. எந்தத் தட்டில் கேட்டீர்கள் என்று விசாரித்திருக்கிறார். ஜப்பார் சொன்ன தட்டு அவரிடமும் இருந்தது. கரண்டில் ஓடும் நல்ல மிஷினில் அதைப் போட்டுக் காட்டியிருக்கிறார்.

பாட்டு கடைசிவரை ஒரே ஓட்டமாக ஓடி, டக்கென்று நின்றிருக்கிறது.

மூன்று பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்திருக்கிறார்கள். முதலில் யாருக்கும் சிரிப்பு வரவில்லையாம். ஜப்பாரின் முகம் சிவந்து போயிற்றாம். இத்தனை கல்யாணத்திலும் இத்தனை திருவிழாவிலும் நாங்கள் வாசித்தது இசை இல்லை, பூட்டுக்காரரின் குட்டை ஸ்பிரிங் என்று அந்த நிமிஷத்தில் தெரிந்துகொண்டார்கள். அப்புறம் தேவராஜ் சிரித்திருக்கிறான். மற்றவர்களும் சிரித்திருக்கிறார்கள். இனிமேல் சாய்வு வேண்டாம், நேராக ஓடி நிறுத்துவோம் என்று முடிவு செய்திருக்கிறார்கள்.

இதெல்லாம் கதவுக்கு அந்தப் பக்கம்.

கதவு திறந்தது. ஜப்பார் குனிந்து செங்கல்லை மறுபடி வைத்தான். நிமிர்ந்து என்னைப் பார்த்தான். வாயைத் திறந்தான். உள்ளேயிருந்து சவுண்டு சார், 'நேரமாச்சுப்பா, அடுத்த பார்ட்டி வந்துரும்' என்று கூப்பிட்டார்.

'ரெடியாலே?' என்று மட்டும் கேட்டான் ஜப்பார்.

தலையாட்டினேன்.

பல்பு எரிந்தது. வாசித்தோம். முக்கால் பாட்டு தாண்டியதும் நான் குறைக்க ஆரம்பித்தேன். உள்ளே யாரும் குறைக்கவில்லை. என் காதுதான் கோளாறு என்று நினைத்து இன்னும் குறைத்தேன். அவர்கள் என்னைவிட்டு ஓடினார்கள். செங்கல் இடுக்கில் ஜப்பாரின் ஷூ வேகமாகத் தரையைத் தட்டுவது தெரிந்தது. அது என் டிரம்முக்குத் தட்டுகிற தட்டு இல்லை. நிறுத்துவதா, ஓடிப்போய்ச் சேர்வதா என்று தெரியாமல் சாய்ந்துகொண்டே போனேன். அவர்கள் டக்கென்று நிறுத்திவிட்டார்கள். அதற்குப் பிறகும் என் அடி நாலைந்து விழுந்தது.

மறுபடி எடுக்க நேரமில்லை. 'தூரத்துல ஏதோ எதிரொலி மாதிரி இருக்கு, மோசமில்ல' என்று சொல்லிவிட்டார் சவுண்டு சார். இரண்டாவது பாட்டுக்கு முன்னால் என்னை உள்ளே கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னார்கள்.

'ஒனக்கு யாரும் சொல்லலையாலே?' என்றான் தேவராஜ். 'ஜப்பார் சொல்லிட்டான்னுல்ல நெனச்சேன்.'

'நீ சொல்லியிருப்பேன்னு நான் நெனச்சேன்' என்றான் சுந்தரம்.

ஜப்பார் கிடாரின் முறுக்காணியைத் திருகிக்கொண்டே இருந்தான். நான் மறுபடி நடைவழிக்குப் போய்க் கோட்டுக்குள் உட்கார்ந்தேன். அந்தப் பாட்டை நேராக வாசித்து முடித்தேன்.

ஊசியைத் தூக்கும் கை

ஊர் திரும்பியதும் ஜப்பார் செய்த முதல் வேலை, மதுரைக்குப் போய் கிராமபோனுக்கு முழு நீள ஸ்பிரிங் மாட்டிக்கொண்டு வந்ததுதான். கார்டின் தட்டுகளையெல்லாம் மறுபடி கேட்டோம். எல்லாம் கடைசிவரை குதித்துக்கொண்டே ஓடின. மற்றவர்களுக்குக் கொண்டாட்டம். எனக்கு எல்லாப் பாட்டும் வீட்டுக்கு அவசரமாகக் கிளம்புகிற விருந்தாளி மாதிரி இருந்தது.

சில வாரங்களில் எங்கள் தட்டு பார்சலில் வந்தது. ஜப்பார் முதலில் தனியாகக் கேட்டிருக்கிறான். அப்புறம்தான் எங்களைக் கூப்பிட்டான். கறுப்புத் தட்டு, சிவப்பு லேபிள், நடுவில் ஃபோர் கீஸ், திண்டுக்கல் என்று அச்சு. தேவராஜ் லேபிளை முகர்ந்து பார்த்தான். சுந்தரம் கையைச் சட்டையில் துடைத்துவிட்டு வாங்கினான். கொட்டகையில் அன்று லாரி நின்றிருந்தது. அதன் படிக்கட்டில் உட்கார்ந்து கேட்டோம்.

எங்கள் சத்தம் ஒரு தட்டிலிருந்து வந்தது. அந்தச் சந்தோஷத்தைக் குறைத்துச் சொல்லமாட்டேன், மயிர்க்கூச்செறிந்தது. குழாயடிப் பாட்டு முடியப் போகிற இடத்தில் என் டிரம் பின்தங்க ஆரம்பித்தது. ஜப்பார் எழுந்து போய், கடைசி வார்த்தை முடிந்த கணத்தில் ஊசியைத் தூக்கிவிட்டான்.

அன்றைக்கு மட்டும் இல்லை. யார் வந்து கேட்டாலும், எப்போது போட்டாலும், அந்த இடத்தில் அவன் கை போய் ஊசியைத் தூக்கிவிடும். 'விடுலே, கடைசிவரைக்கும் ஓடட்டும்' என்று சுந்தரம் சொன்னால், 'தட்டு தேஞ்சிரும்' என்பான். ஒரு நாள் ஜப்பாரின் அத்தா கேட்க ஆசைப்பட்டு வந்து உட்கார்ந்தார். அவருக்கும் அப்படித்தான்.

என் தப்பை ஊர் கேட்கக்கூடாது என்று தூக்குகிறான் என்று நினைத்தேன். என்னால் அவனுக்குத் தலைகுனிவு. அப்படித்தான் எனக்குப் பட்டது, நான் கேட்கவுமில்லை. சண்டை போடத் தெரிந்தவனாக இருந்தால் அன்றைக்கே முடிந்திருக்கும்.

கச்சேரிகளில் நேராக வாசித்தோம். எனக்கு வரவில்லை. முக்கால் பாட்டு ஆனதும் கை தானாகக் குறையும். நிமிர்ந்து பார்த்தால் மூன்று பேரும் கூட்டத்தைப் பார்த்து வாசித்துக்கொண்டிருப்பார்கள். என் பக்கம் பார்ப்பதற்கு இப்போது யாருக்கும் தேவை இருக்கவில்லை. காந்திகிராமம் பக்கத்தில் ஒரு விழாவில் தேவராஜ் பாட்டுக்கு நடுவிலேயே திரும்பி என்னை முறைத்தான். அடுத்த கச்சேரிக்கு மதுரையிலிருந்து பாங்கோஸ் என்கிற ஜோடி மேளம் வாசிக்கிற ஒருவர் வந்தார். 'இந்த ஒரு தடவைதாம்லே' என்றான் ஜப்பார். நானும் சரி என்றேன். அதற்கு அடுத்த தடவை அவன் சொல்லவில்லை, நான் போகவுமில்லை.

டிரம்மை வீட்டுக்குத் தூக்கிவந்து கட்டிலுக்கு அடியில் வைத்தேன். ஒரு ரேடியோ ரிப்பேர் கடையில் வேலைக்குச் சேர்ந்தேன். கடைக்குப் போகும் வழியில்தான் பேகம்பூர் கொட்டகை. சாயங்காலம் அந்தப் பக்கம் வந்தால் தகரத்தில் மோதி அவர்கள் பாட்டு கேட்கும். கொஞ்ச நாள் நின்று கேட்டேன். அப்புறம் வேறு தெரு வழியாகப் போக ஆரம்பித்தேன். அது சுற்று வழி. அந்த வருஷங்களைப் போல நான் தனியாக இருந்தது முன்னாலும் இல்லை, பின்னாலும் இல்லை.

நான் போனப்புறம் கேளு

ஃபோர் கீஸ் ரொம்ப நாள் நீடிக்கவில்லை. தேவராஜ் சினிமாவில் பாடப் போகிறேன் என்று மெட்ராஸ் போனான். சுந்தரம் கல்யாணமாகி ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் காய்கறிக் கமிஷன் கடை வைத்தான். அங்கே போன கொஞ்ச நாளிலேயே கொங்குக்காரர்கள் மாதிரி 'வாங்க, போங்க' என்று பேசப் பழகிவிட்டான். ஜப்பார் மாமன் வியாபாரத்தைப் பார்க்கப் பினாங்குக்குக் கிளம்பினான்.

கிளம்புவதற்கு முன்னால் நான் வேலை பார்த்த கடைக்கு வந்தான். கையில் காகிதம் சுற்றிய தட்டு. ஒரு ரேடியோவைத் திறந்து போட்டு வேலையில் இருந்தேன். எதிரே ஸ்டூலில் உட்கார்ந்தான். இரண்டு பேரும் அந்த ரேடியோவின் வயிற்றையே பார்த்துக்கொண்டிருந்தோம்.

'இத வச்சுக்கலே' என்றான்.

'ஒனக்கு?'

'எனக்கு வேணாம். முழுசாக் கேளு. ஊசியத் தூக்காமக் கேளு.' எழுந்து நின்றான். 'நான் போனப்புறம் கேளு.'

'கப்பல் எப்ப?'

'வாரத்துக்குள்ள. வாரேன்லே.'

போய்விட்டான். வழியனுப்ப நான் ஸ்டேஷனுக்குப் போகவில்லை. தட்டையும் உடனே போடவில்லை. என் தப்பை நான் எதற்கு உட்கார்ந்து முழுசாகக் கேட்க வேண்டும்? அலமாரியில் அம்மாவின் ஜெபப் புத்தகங்களுக்குப் பின்னால் செருகிவைத்தேன்.

பல மாதம் கழித்து ஒரு ஞாயிற்றுக்கிழமை. சர்ச்சில் பூசை முடிந்து வந்து, அம்மா சமையற்கட்டில் கறிக்கு மசாலா அரைத்துக்கொண்டிருந்தாள். கடையில் ரிப்பேர் பார்த்த ஒரு ரிக்கார்டு பிளேயரைச் சோதிப்பதற்காக வீட்டுக்குக் கொண்டுவந்திருந்தேன். கரண்டில் ஓடுவது, பெரிய ஸ்பீக்கர். சோதிக்க என்ன தட்டு இருக்கிறது என்று தேடியபோது கையில் அதுதான் கிடைத்தது.

போட்டேன். தேவராஜ் பாடினான். என் டிரம் எங்கோ ஆழத்தில் இருந்தது. அதைப் பிடிக்கச் சத்தத்தை முழுக்கத் திருகி வைத்தேன். முக்கால் பாட்டு வந்தது. டிரம் பின்தங்கியது. மூன்று பேரும் டக்கென்று நிறுத்தினார்கள். அதற்குப் பிறகு என் அடிகள் தனியாக, ஒன்றுக்கு ஒன்று தள்ளித் தள்ளி விழுந்தன. கடைசி அடி விழுந்தது.

தட்டு நிற்கவில்லை. மிஷினைச் சவுண்டு சார் நிறுத்துவதற்குள் இன்னும் கொஞ்சம் பதிவாகியிருந்தது. யாரோ பெருமூச்சு விட்டார்கள். தேயிலைப் பெட்டியை நகர்த்துகிற சத்தம். தேவராஜ், 'நல்லா வந்திருக்குங்களா சார்?' என்று கேட்டான். சுந்தரம் ஏதோ சொல்லிச் சிரித்தான். அந்தச் சிரிப்புக்குப் பின்னால், கதவுக்கு வெளியிலிருந்து, என் குரல்.

'ஏலே, உள்ள வரவா?'

நான் அப்படிக் கேட்டது எனக்கு ஞாபகமே இல்லை. உள்ளே யாரும் பதில் சொல்லவில்லை. தேவராஜ் தண்ணீர் கேட்டான். மறுபடி என் குரல், இந்தத் தடவை கொஞ்சம் சத்தமாக.

'உள்ள வரவா?'

யாரும் பதில் சொல்லவில்லை. அதோடு பதிவு முடிந்து, ஊசி வெறும் தட்டில் உரச ஆரம்பித்தது.

ஜப்பார் இத்தனை நாளும் ஊசியைத் தூக்கியது இதற்கு முன்னால்தான். என் டிரம்மை மறைக்கவில்லை. அவன் கேட்க முடியாமல் போனது இதைத்தான். பினாங்கு எந்தத் திசையில் இருக்கிறது என்றுகூட எனக்குத் தெரியாது. அவன் முகவரியும் என்னிடம் இல்லை. அப்படியே தரையில் உட்கார்ந்திருந்தேன்.

சமையற்கட்டில் அம்மி நின்றது.

'வாய்யா' என்றாள் அம்மா. 'உள்ள வர்றதுக்கு எதுக்கு ரெண்டு தடவ கேட்டுக்கிட்டு?'

ஊசியைத் தூக்கி வைத்துவிட்டு, எழுந்து உள்ளே போனேன்.